மும்பைத் தெருவில் கேமராவோடு: செம்பூரிலிருந்து ஒரு கேள்வி

நீங்கள் கேட்டதை முதலில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், வேறு யாராவது படித்தாலும் புரியட்டும். தென்காசிப் பக்கத்திலிருந்து வேலைக்காக மும்பை வந்து எட்டு மாதம் ஆகிறது, செம்பூரில் தங்கியிருக்கிறீர்கள். ஒருவர் பயன்படுத்திய க்ராப் சென்சார் கேமராவை (ஃபிலிம் அளவைவிடச் சின்ன சென்சார் உள்ளது) 18-55 மிமீ ஜூம் லென்ஸோடு வாங்கியிருக்கிறீர்கள். இந்த ஊரின் அன்றாட வாழ்க்கையைத் தெருவில் நின்று படம் எடுக்க ஆசை. தாதர் பூ மார்க்கெட்டில் கேமராவைத் தூக்கியதும் கை நடுங்கியது. ஒரு வியாபாரி ‘க்யூன் நிகாலா?’ (ஏன் எடுத்தாய்?) என்று கத்தியதும் படத்தை அழித்துவிட்டு வந்துவிட்டீர்கள். இப்போது சட்டப்படி எடுக்கலாமா, 50 மிமீ லென்ஸ் வாங்கலாமா, பெண் தனியாக இதைச் செய்ய முடியுமா, தாராவியில் எடுக்கலாமா என்று கேட்கிறீர்கள். நான்குக்கும் பதில் சொல்கிறேன். ஆனால் நீங்கள் எழுதியிருக்கும் விதத்தைப் பார்த்தால் இவற்றுக்கு அடியில் இன்னொரு கேள்வி இருக்கிறது. முன்பின் தெரியாத ஒருவர் தன் பிழைப்பைப் பார்த்துக்கொண்டிருக்கும்போது அவரைப் படம் எடுக்க எனக்கு என்ன உரிமை என்பதுதான் அது. அந்தக் கேள்வி உங்களுக்கு எழுந்ததில் எனக்கு மகிழ்ச்சி. அது எழாதவர்கள் எடுத்த படங்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

என்னைப் பற்றி இரண்டு வரி. மும்பைக்கு வந்து 24 வருடம் ஆகிறது. சயான் பக்கம் ஒரு ஸ்டுடியோவில் கல்யாண ஆல்பம் ஒட்டுவதில் ஆரம்பித்தேன், அங்கேயே ஃபிலிம் கழுவக் கற்றுக்கொண்டேன், அப்புறம் பத்திரிகைகளுக்குப் படம் கொடுத்தேன். இன்றைக்கும் வீட்டு வாடகை கல்யாண வேலையிலிருந்துதான் வருகிறது. தெருவுக்கு விடியற்காலைகளும் ஞாயிற்றுக்கிழமைகளும். நான் வக்கீல் இல்லை. சட்டம் பற்றி நான் சொல்வது இந்த வேலைக்காகப் படித்தும் அடிபட்டும் தெரிந்துகொண்டது. காவல் நிலையம் வரை போகிற விஷயம் என்றால் ஒரு வக்கீலைப் பாருங்கள்.

உறுதியாகச் சொல்லக்கூடியதை முதலில் சொல்கிறேன். பொது இடத்தில் நின்றுகொண்டு கண்ணில் படுவதைப் படம் எடுக்கக் கூடாது என்று நம் நாட்டில் பொதுவான தடைச் சட்டம் எதுவும் இல்லை. விலக்குகள் உண்டு. ஒரு பெண் தன்னை யாரும் பார்க்கவில்லை என்று நம்பி இருக்கும் தனிமையில் அவரைப் படம் எடுப்பது பாரதிய நியாய சன்ஹிதாவின் 77ஆம் பிரிவில் குற்றம். பழைய தண்டனைச் சட்டத்தில் அதுவே 354சி. யாராக இருந்தாலும் உடலின் அந்தரங்கப் பகுதியைச் சம்மதமில்லாமல் எடுத்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ பிரிவு, மூன்று வருடம் வரை சிறை. நடைபாதையிலேயே குடும்பங்கள் வாழும் ஊர் இது. தெருக்குழாயில் குளிக்கிறவர் பொது இடத்தில் இருப்பது அவருக்கு வேறு இடம் இல்லாததால். அங்கே நான் கேமராவைத் தூக்குவதே இல்லை, சட்டத்தில் அதற்கு என்ன பெயர் என்று யோசிப்பதும் இல்லை. கடற்படையின் கப்பல் பட்டறை போன்றவை 1923ஆம் வருடத்து அரசு ரகசியச் சட்டத்தின்படி தடைசெய்யப்பட்ட இடங்கள். ஃபோர்ட் பகுதியில் நடக்கும்போது அந்த மதில் பக்கம் திரும்பாதீர்கள். 2008 நவம்பர் தாக்குதலுக்குப் பிறகு ரயில் நிலையங்களிலும் மீன்பிடித் துறைகளிலும் காவலர்கள் கெடுபிடியாக இருக்கிறார்கள். சிஎஸ்எம்டி என்கிற பெரிய ரயில் முனையத்தில் நூறு பேர் மொபைலில் எடுத்துக்கொண்டிருப்பார்கள், பெரிய கேமராவைத் தூக்கினால் மட்டும் விசில் வரும். அங்கே நான் வாதாடுவதில்லை, நகர்ந்துவிடுவேன்.

குழந்தைகள் விஷயத்தில் கூடுதல் கவனம் வேண்டும். 2015ஆம் வருடத்து சிறார் நீதிச் சட்டத்தின் 74ஆம் பிரிவு, பராமரிப்பும் பாதுகாப்பும் தேவைப்படும் குழந்தையின் அடையாளம் வெளியே தெரியும்படி படம் போடுவதைத் தடை செய்கிறது. வீடில்லாமல் தெருவில் வாழும் குழந்தை, பிச்சையெடுக்கும் குழந்தை, சட்டத்துக்கு மாறாக வேலை செய்யும் குழந்தை எல்லாம் அந்த வரையறைக்குள் வருவார்கள். சிக்னலில் கார்க் கண்ணாடியைத் தட்டும் சிறுமியின் முகத்தைப் போட்டு விருப்பக்குறி வாங்குகிறவர்கள் இதைப் படித்திருக்க மாட்டார்கள்.

இனித் தெளிவில்லாத பகுதி. எடுப்பது வேறு, வெளியிடுவது வேறு. ஆட்டோ சங்கர் வழக்கு என்று நம்மவர்களுக்குத் தெரிந்த 1994ஆம் வருடத்து ராஜகோபால் வழக்கில், தன்னை நிம்மதியாக விட்டுவிடச் சொல்லும் உரிமை ஒவ்வொருவருக்கும் உண்டு என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. நக்கீரன் இதழ் தொடுத்த வழக்கு அது. 2017 ஆகஸ்டில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று உறுதி செய்தது. தெருவில் நடந்து போகிற ஒருவரின் முகம்வரைக்கும் இந்த உரிமை நீளுமா என்பதற்குக் கோடு கிழித்துக் காட்டிய விதி இல்லை. ஒருவர் முகத்தை விளம்பரத்துக்குப் பயன்படுத்த எழுத்துச் சம்மதம் வேண்டும் என்பதில் தொழிலில் யாருக்கும் சந்தேகமில்லை. கண்காட்சியிலோ உங்கள் சொந்தப் பக்கத்திலோ ஆவணமாகப் போடுவது இரண்டுங்கெட்டான் நிலை. அங்கே சட்டத்தை மட்டும் நம்பி இருக்க முடியாது, எடுக்கிறவரின் மனசாட்சியும் வேண்டும். கேட்டுவிட்டுத்தான் எடுக்க வேண்டும் என்று சிலர் சொல்வார்கள், கேட்டால் படம் செத்துவிடும் என்று வேறு சிலர் சொல்வார்கள். நான் இரண்டையும் செய்கிறேன். கூட்டமாகப் போகிறவர்களைக் கேட்பதில்லை. ஒரே ஆள் ஃப்ரேமை நிறைத்து நிற்கும் படமானால் எடுப்பதற்கு முன்போ எடுத்த உடனேயோ பேசிவிடுவேன். அழிக்கச் சொன்னால் அவர் கண்ணெதிரே அழிப்பேன். 24 வருடத்தில் அப்படி அழித்ததில் ஏழெட்டு நல்ல படங்கள் போயிருக்கும். இன்னும் சில ஞாபகத்தில் இருக்கின்றன.

அந்தப் பூ வியாபாரி ஏன் கத்தினார் என்பதற்கு வருகிறேன். நீங்கள் ஏதோ தப்பு செய்துவிட்டதாக நினைக்கிறீர்கள். தாதர் மேற்கில் ஸ்டேஷனை ஒட்டி விடியும் முன்பே சாமந்தியும் செண்டுமல்லியும் மூட்டை மூட்டையாக இறங்கும். மார்க்கெட்டுக்குள் கடை வைத்திருக்கிறவர்கள் ஒரு வகை. வெளியே நடைபாதையில் கூடை வைத்து உட்கார்ந்திருப்பவர்களின் நிலைமை வேறு. மாநகராட்சி வண்டி எந்த நிமிடமும் வரும், கூடையோடு அள்ளிக்கொண்டு போகும். தெரு வியாபாரிகளைப் பாதுகாக்க 2014இலேயே சட்டம் வந்துவிட்டது, ஆனாலும் அந்தப் பயம் போகவில்லை. அவர் கண்ணுக்குக் கேமரா என்பது சாட்சி. யார் இவள், யாருக்காக எடுக்கிறாள், நாளைக்கு இது எங்கே போய் நிற்கும் என்பதுதான் அந்த இரண்டு வார்த்தைக் கேள்வியின் முழு அர்த்தம். அதற்கு உங்களிடம் அப்போது பதில் இல்லை, ஓடிவிட்டீர்கள். அடுத்த முறை ஓடாமல் நின்று பதில் சொல்லுங்கள். ‘செம்பூரில் இருக்கிறேன், போட்டோ கற்றுக்கொள்கிறேன், பூ அழகாக இருந்தது, இதோ பாருங்கள்’ என்று திரையைத் திருப்பிக் காட்டுங்கள். உடைந்த ஹிந்தி போதும். பத்தில் ஏழு பேர் அதோடு தணிந்துவிடுவார்கள் என்பது என் அனுபவம். மற்ற மூன்று பேருக்கு மன்னிப்புக் கேட்டுவிட்டு நகர்ந்துவிடுங்கள்.

எனக்கு இதைக் கற்றுக்கொடுத்தவர் மஸ்ஜித் பந்தரில் கைவண்டி இழுத்த ஒரு பெரியவர். 2006 என்று நினைவு. மே மாதத்து மதியம், சரக்கு இறக்கிவிட்டு வண்டிமேலேயே குறுக்கே படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தார். ஒரு கை வண்டியின் விளிம்பைத் தாண்டித் தொங்கியது, உள்ளங்கையில் கயிறு பதிந்த தடம் வெள்ளையாகத் தெரிந்தது. வண்டிச் சக்கரத்தின் நிழல் சரியாக அவர் முகத்துக்குக் கீழே விழுந்திருந்தது. மூன்று படம் எடுத்தேன். அதில் ஒன்றைச் சின்னதாக ஒரு கண்காட்சியில் மாட்டினார்கள், எல்லோரும் பாராட்டினார்கள். இரண்டு மாதம் கழித்து ஒரு பிரிண்ட் போட்டு எடுத்துக்கொண்டு அவரைத் தேடிப் போனேன். சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். அவர் படத்தை வாங்கி வெகுநேரம் பார்த்துவிட்டுச் சொன்னார்: ‘பனியன் கிழிந்திருக்கிறதே. ஊரில் யாராவது பார்த்தால் நான் இங்கே இப்படிக் கிடக்கிறேன் என்று நினைக்க மாட்டார்களா?’ தூங்கும்போது எடுத்தது பற்றி அவருக்கு ஒன்றுமே இல்லை. உத்தரப் பிரதேசத்தின் பஸ்தி மாவட்டத்தில் இருக்கும் அவர் வீட்டுக்கு வேறு ஒரு கதை போய்ச் சேர்ந்திருந்தது, என் படம் அந்தக் கதையைப் பொய்யாக்கியது. அடுத்த ஞாயிறு சட்டை மாற்றிக்கொண்டு, தலை வாரி, வண்டியின் கைப்பிடியைப் பிடித்தபடி நின்றார். அந்தப் படத்தையும் எடுத்தேன். முதல் படத்தை அதற்குப் பிறகு நான் எங்கேயும் காட்டவில்லை. இரண்டாவதில் நிழலும் இல்லை, அமைப்பும் இல்லை. ஆனால் அந்த மனிதர் தான் யார் என்று சொல்ல நினைத்தாரோ அது அதில் இருக்கிறது. எது உண்மையான ஆவணம் என்று கேட்டால் இன்றைக்கும் எனக்கு உறுதியாகத் தெரியவில்லை. இரண்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்தால்தான் முழுமை என்று சில நாள் தோன்றும்.

சரி, லென்ஸ். 50 மிமீ வாங்காதீர்கள். க்ராப் சென்சாரில் அது 75 அல்லது 80 மிமீ மாதிரி வேலை செய்யும், மும்பைச் சந்துகளில் பின்னால் நகர இடம் இருக்காது. கையில் இருக்கும் 18-55 போதும். 18இல் வைத்து ஒரு டேப்பை ஒட்டிவிடுங்கள், திரும்பாது. வெளிச்சம் நுழையும் லென்ஸ் துளையை (அபெர்ச்சர்) எஃப் 8இல் வையுங்கள். இரண்டு மீட்டர் தள்ளி இருக்கும் எதையாவது ஃபோகஸ் செய்துவிட்டு மேனுவலுக்கு மாற்றிவிடுங்கள். அந்தக் கணக்கில் ஏறக்குறைய ஒரு மீட்டரிலிருந்து தொடுவானம்வரை எல்லாம் தெளிவாக விழும். பெரிய பிரிண்ட் போட்டால் தூரத்தில் இருப்பது கொஞ்சம் மென்மையாகத் தெரியும், அவ்வளவுதான். ஷட்டர் 1/250 நொடி, வெளிச்சத்தை உணரும் அளவான ஐஎஸ்ஓவை ஆட்டோவில் விட்டு 3200ஐ உச்சவரம்பாகப் போடுங்கள். இப்படி வைத்துவிட்டால் கேமரா ஃபோகஸ் தேடித் தடுமாறாது, நீங்களும் வெகுநேரம் கண்ணில் வைத்துக்கொண்டு நிற்க வேண்டாம். உங்கள் கை நடுக்கத்தில் பாதி அந்தக் காத்திருப்பால் வருவது. விடியற்காலை மார்க்கெட்டில் குண்டு பல்பு வெளிச்சத்துக்கு எஃப் 8 தாங்காது. துளையை முழுக்கத் திறந்து 1/125க்கு இறக்கி ஒவ்வொரு முறையும் ஃபோகஸ் செய்யத்தான் வேண்டும்.

தூரத்திலிருந்து ஜூம் செய்து எடுக்கலாமே, யாருக்கும் தெரியாதே என்று தோன்றும். செய்யாதீர்கள். ஒளிந்து எடுக்கிறவரைக் கண்டுபிடித்தால்தான் மக்களுக்குக் கோபம் வருகிறது. பக்கத்தில் நின்று எடுக்கிறவரை அவர்களும் பார்த்துவிடுகிறார்கள், வேண்டாம் என்று சொல்ல அவர்களுக்கும் வழி இருக்கிறது.

18இல் வைக்கச் சொல்வதற்கு இன்னொரு காரணம் எனக்கு ரொம்ப முக்கியம். பின்னணியை மங்கவைக்காதீர்கள். இப்போது எல்லோரும் எஃப் 1.8 லென்ஸ் போட்டு, ஒரு முகம் மட்டும் தெளிவாக, பின்னால் வண்ணக் குழம்பாக எடுக்கிறார்கள். அந்த முகம் மும்பையிலா மதுரையிலா என்று யாராலும் சொல்ல முடியாது. 2012இல் மாட்டுங்காவில் ஒரு வாழைப்பழ வண்டிக்காரரை எடுத்தேன். சுமாரான படம் என்று ஒதுக்கி வைத்துவிட்டேன். அவருக்குப் பின்னால் மூன்று கறுப்பு மஞ்சள் பிரீமியர் பத்மினி டாக்சிகள் நிற்கின்றன. 2023 அக்டோபர் இறுதியோடு அந்த டாக்சிகளின் காலம் மும்பைச் சாலைகளில் முடிந்துவிட்டது. அதே வருடம் செப்டம்பர் 15ஆம் தேதி மும்பையின் நகரப் பேருந்து நிறுவனமான பெஸ்ட்டின் பழைய சிவப்பு டீசல் டபுள் டெக்கர் கடைசியாக ஓடியது. இப்போது அந்த வாழைப்பழப் படத்தைக் கேட்டு வாங்கிப் போகிறார்கள். அன்றாடம் என்பது சொல்லிக்கொண்டு போவதில்லை. இன்றைக்குத் தெருவில் சாதாரணமாக இருப்பது எது, நாளைக்குக் காணாமல் போவது எது என்று எடுக்கும்போது தெரியாது. அதனால் கடைப் பெயர்ப் பலகை, விலை எழுதிய அட்டை, சுவர்ப் போஸ்டர், ஆட்டோ, கரண்ட் வயர் எல்லாம் உள்ளே வரட்டும். வீட்டுக்குப் போனதும் தேதி, தெருப் பெயர், அந்த ஆள் சொன்ன ஒரு வாக்கியம் ஆகியவற்றை எழுதி வையுங்கள். படங்களை இரண்டு இடத்தில் பிரதி வையுங்கள். என் முதல் மூன்று வருட நெகடிவ்களில் பாதிக்கு இடமும் தேதியும் இல்லை, அவற்றை வைத்து இப்போது ஒன்றும் செய்ய முடியவில்லை.

பார்க்க வேண்டிய படங்கள் என்றால் இந்த ஊரை எடுத்தவர்களிலிருந்து ஆரம்பியுங்கள். 1999இல் காலமான ரகுபீர் சிங், கறுப்பு வெள்ளைதான் கலை என்று பலர் நம்பிய காலத்தில் இந்தியத் தெருக்களைக் கலரில் எடுத்தவர். அவருடைய பம்பாய்ப் படங்களில் கண்ணாடிகளையும் கடை ஜன்னல் பிரதிபலிப்புகளையும் எப்படிப் பயன்படுத்துகிறார் என்று பாருங்கள், ஒரே ஃப்ரேமுக்குள் நாலு தெரு இருக்கும். ரகு ராய் 1995இல் சர்ச்கேட் ஸ்டேஷனில் எடுத்த படம் ஒன்று உண்டு. ஷட்டரை மெதுவாக வைத்திருப்பதால் கூட்டம் முழுக்கப் புகையாக ஓட, நடுவில் பேப்பர் படிக்கிறவர் மட்டும் அசையாமல் தெரிவார். நான் 1/250 என்று சொன்னதை எப்போது மீற வேண்டும் என்பதற்கு அதைவிட நல்ல பாடம் கிடையாது. சூனி தாராபோர்வாலா 1977இலிருந்து நாற்பது வருடம் இதே ஊரை, தன் பார்சி வீட்டிலிருந்து தெருவரை எடுத்திருக்கிறார். சிரோதீப் சௌதுரி இருபது வருடத்துக்கு மேலாக மும்பையின் பொதுக் கடிகாரங்களைத் தேடித் தேடி எடுத்தார். கடிகாரம் என்று ஒன்றைப் பிடித்துக்கொண்டு போனவருக்கு நகரமே கிடைத்தது. சுதாரக் ஓல்வே மும்பையின் துப்புரவுத் தொழிலாளர்களை வருடக்கணக்கில் கூடவே இருந்து எடுத்தார். வறுமையைக் காட்டுவதற்கும் வறியவரைக் கேவலப்படுத்துவதற்கும் நடுவில் இருக்கும் இடைவெளி அந்தப் படங்களில் தெரியும். சாப்பாடு சுமக்கும் டப்பாவாலா, மகாலட்சுமி தோபிகாட் சலவைத்துறை, கேட்வே ஆஃப் இந்தியாவில் புறா எல்லாம் போஸ்ட்கார்டாகிப் பல காலம் ஆகிறது. ஆசை தீர ஒரு தரம் எடுத்துவிட்டு வாருங்கள்.

பெண்ணாகத் தனியாகப் போவது பற்றி நான் சொல்வது அரைகுறையாகத்தான் இருக்கும். நான் ஆண், இந்த ஊரில் ஒரு பெண்மேல் விழும் பார்வையை நான் சுமந்ததில்லை. என்னோடு பத்து வருடமாக நடக்கும் தோழி ஒருவர் சொன்னதை அப்படியே தருகிறேன். போகும் தெருவுக்கு ஒரு தரம் கேமரா இல்லாமல் போய்விட்டு வருவார். இருட்டில் போவதானால் ஏற்கெனவே ஆள் நடமாட்டம் உள்ள சந்தைக்குத்தான் போவார். டீக்கடைக்காரரிடமோ பூக்காரம்மாவிடமோ இரண்டு வார்த்தை பேசி அந்தத் தெருவில் தனக்கு ஒரு ஆளை வைத்துக்கொள்வார். யாராவது பின்னாலேயே வந்தால் அங்கே போய் நின்றுவிடுவார். அன்றைக்குப் படம் வந்ததா வராததா என்பதைக் கணக்கில் எடுக்காமல், உள்மனசு சரியில்லை என்றால் திரும்பிவிடுவார். அவர் சொன்ன இன்னொன்று எனக்குப் பொறாமையாக இருந்தது. குழாயடிப் பேச்சு, வாசலில் உட்கார்ந்து பூண்டு உரிக்கிற பெண்கள், லோக்கல் ரயிலின் லேடீஸ் டப்பா (பெண்கள் பெட்டி) எல்லாம் நான் நுழையவே முடியாத இடங்கள், அவருக்குத் திறக்கின்றன. லேடீஸ் டப்பாவில் எடுத்த படங்களை அனுஸ்ரீ ஃபட்னவிஸ் இன்ஸ்டாகிராமில் தொடராகப் போட்டார், பின்னாளில் ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனத்துக்குப் போனார். அவருக்கெல்லாம் முன்னோடி, இந்தியாவின் முதல் பெண் பத்திரிகைப் புகைப்படக்காரர் என்று சொல்லப்படும் ஹோமாய் வ்யாரவாலா. 1930களின் பம்பாயில் அவர் எடுத்த படங்கள் ஆரம்பத்தில் அவருடைய கணவர் பெயரில்தான் அச்சாகின.

தாராவி. எடுக்கலாம், ஆனால் அதில் ஆரம்பிக்காதீர்கள். உலகத்தில் பாதிப் பேர் கேமராவோடு வந்து போன இடம் அது. சாக்கடையையும் தகரக் கூரையையும் எடுத்துப் போய்விடுகிறார்கள் என்று அங்கே இருக்கிறவர்களுக்கு நன்றாகத் தெரியும். சுற்றிக் காட்டக் கூட்டிப் போகிறவர்களில் சிலர் கேமராவை வெளியே எடுக்கவே விடுவதில்லை, அது நியாயம். மறுசீரமைப்புக்காக வீடு வீடாகக் கணக்கெடுத்த பிறகு வீடு என்னாகுமோ என்ற பயமும் சேர்ந்துகொண்டது. உங்களுக்கு இருக்கும் ஒரு வசதி மொழி. திருநெல்வேலியிலிருந்தும் தூத்துக்குடியிலிருந்தும் போன குடும்பங்கள் அங்கே மூன்று தலைமுறையாக இருக்கின்றன, உங்கள் பேச்சைக் கேட்டதுமே எந்த ஊர் என்று கேட்பார்கள். அந்த உறவை வைத்துப் படம் பறிக்கக் கூடாது.

மும்பையில் காலையில் சைக்கிளில் ஹார்ன் அடித்தபடி இட்லி விற்றுப் போகும் அண்ணன்களைப் பார்த்திருப்பீர்கள். அவர்களில் ஒருவர் வீட்டுக்கு நான் ஏழு தரம் போனேன். காலை நாலரை மணி, பத்துக்குப் பத்து அறை, பம்ப் அடுப்புச் சத்தம். முதல் தரம் உள்ளே நுழைந்ததுமே லென்ஸ் முழுக்க ஆவி படிந்துவிட்டது, துடைக்கத் துடைக்கப் படிந்தது. அக்கா சிரித்துவிட்டு ‘உட்காரு தம்பி, அதுவும் சூடாகட்டும்’ என்றார். அதுதான் சரி. லென்ஸின் கண்ணாடி அந்த அறையின் சூட்டுக்கு வர இருபது நிமிடம் ஆகும், அதுவரை துடைத்துப் பயனில்லை. அந்த இருபது நிமிடத்தில் நான் பார்த்ததுதான் பின்னால் என் படங்கள் ஆயின. தட்டை இறக்கி, விரல் நுனியால் தண்ணீரைத் தெளித்து, ஒரே திருப்பில் கவிழ்த்து, துணியின் ஒரு மூலையைப் பிடித்து இழுப்பார். இட்லிகள் பாத்திரத்தில் நிற்கும், துணி கையோடு வரும். இழுப்பதற்கு முன் ஒரு நொடி புறங்கையால் துணியைத் தொட்டுப் பார்ப்பார். முதல் ஐந்து தடவையும் நான் துணி பறக்கும் நொடியையே எடுத்துக்கொண்டிருந்தேன், பார்க்க வேகமாக அழகாக இருக்கும். ஆறாவது தடவைதான் அந்தப் புறங்கை கண்ணில் பட்டது. ஏழாவது தடவை அது மட்டும் எடுத்தேன், பின்னால் அவர் கணவர் சட்னிப் பைகளுக்கு நூல் சுற்றிக்கொண்டிருக்கிறார், சுவர்க் காலண்டரில் திருச்செந்தூர் முருகன். அந்தக் குடும்பத்தின் வேலை முழுக்க அதில் இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. முதல் நாளே கிளம்பி வந்திருந்தால் ஆவி படிந்த நாலு படம்தான் மிச்சம்.

ஈரம் பற்றிச் சொன்னதால் இதையும் சொல்லிவிடுகிறேன், பழைய கேமரா வைத்திருக்கிறீர்கள். ஜூன் முதல் செப்டம்பர் வரை மும்பைக் காற்றில் லென்ஸுக்குள் பூஞ்சை பிடிக்கும். மூடி இறுகிய பிளாஸ்டிக் டப்பாவில் சிலிகா ஜெல் போட்டு வையுங்கள், பீரோவில் துணிக்கு நடுவில் வைக்காதீர்கள். ஏசி ஆபீஸிலிருந்து வெளியே வந்தால் கேமராவைப் பைக்குள்ளேயே கால் மணி நேரம் விடுங்கள். மழையில் எடுக்கப் பயப்படாதீர்கள், ஒரு பிளாஸ்டிக் பையும் கைத்துண்டும் போதும். ஜூலை மேகத்துக்குக் கீழே வரும் வெளிச்சத்தில் நிழல்கள் கடுமையாக விழாது, எல்லா முகமும் தெரியும். ஜனவரி வெளிச்சம் வேறு. சூரியன் ஏழேகால் வாக்கில்தான் தலைகாட்டும், ஃபோர்ட்டின் உயரமான கட்டடங்களுக்கு நடுவே சாய்ந்து விழும்.

நீங்கள் செய்ய வேண்டியது இதுதான் என்று நான் நினைப்பதைச் சொல்கிறேன். தாதரை விட்டுவிடுங்கள், இப்போதைக்கு அது பெரியது. ஞாயிறு காலை செம்பூரிலிருந்து ஹார்பர் லைன் லோக்கல் ரயிலில் குர்லா, அங்கே மாறி ஸ்லோ வண்டியில் மாட்டுங்கா. கிழக்குப் பக்கம் இறங்கினால் பூக்கடைகள், காய்கறி வண்டிகள், கோவிலுக்குப் போகிறவர்கள், காபி குடிக்க வரிசையில் நிற்கிறவர்கள். பாதிப் பேருக்குத் தமிழ் தெரியும். ஒரே ஒரு தெருவை எடுத்துக்கொள்ளுங்கள், ஒரு முனையிலிருந்து இன்னொரு முனைக்கு நூறு நூற்றைம்பது மீட்டர் இருந்தால் போதும். முதல் ஞாயிறு கேமரா பைக்குள்ளேயே இருக்கட்டும். மல்லிகை வாங்குங்கள், வெளிச்சம் எந்த மணிக்கு எந்தக் கடை வாசலுக்கு வருகிறது என்று பாருங்கள். இரண்டாவது ஞாயிறு கேமராவைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு நடங்கள், தோன்றினால் மட்டும் எடுங்கள். மூன்றாவது ஞாயிறு நாலு பிரிண்ட் போட்டு எடுத்துப் போங்கள், ஒரு கட்டிங் சாய் விலைக்கு ஒரு பிரிண்ட் கிடைக்கும். யாருடைய படமோ அவரிடம் கொடுத்துவிட்டு, அவர் அதில் எதை முதலில் பார்க்கிறார் என்று கவனியுங்கள். பனியனையா, பூவையா, பின்னால் நிற்கும் பக்கத்துக் கடைக்காரரையா என்று பாருங்கள். பத்து ஞாயிறு ஆன பிறகு பத்து படத்தைத் தேர்ந்தெடுத்து இங்கே போடுங்கள். எந்த நாள், எந்தத் தெரு, அவர் என்ன சொன்னார் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். ஒவ்வொன்றாகப் பார்த்துச் சொல்கிறேன்.